விடுதலை பெற்ற நாட்டில் தோட்டத்துப் பிள்ளைகள்

பின்வரும் பனுவலை வாசித்திடுக.

1957ஆம் ஆண்டு ஆகஸ்டு 31ஆம் நாள் காலையில் கோலாலம்பூர் மெர்டேக்கா அரங்கம் மக்களால் நிரம்பியிருந்தது. நாட்டின் முதல் பிரதமர் துங்கு அப்துல் ரஹ்மான் 'மெர்டேக்கா' என்று ஏழு முறை முழங்கினார். மலாயா விடுதலை பெற்றது. அன்று பாடப்பட்ட நாட்டுப்பண்ணின் மெட்டு பேராக் மாநிலப் பண்ணிலிருந்து எடுக்கப்பட்டதாகும். ஆதலால், பேராக் பிள்ளைகளுக்கு அந்த இசை முன்பே பழக்கமானது.

அன்று பேராக்கில் ஓர் இரப்பர்த் தோட்டத்தில் வாழ்ந்த பத்து வயதுப் பிள்ளைக்கு இந்த விடுதலையால் என்ன மாறியது? வரலாற்று நூல்களில் இடம்பெறும் ஒப்பந்தங்களும் உரைகளும் இந்தக் கேள்விக்கு முழு விடை தருவதில்லை. அந்தப் பிள்ளை எத்தனை மணிக்கு எழுந்தது, எங்கே படித்தது, பள்ளி முடிந்ததும் என்ன வேலை செய்தது, பன்னிரண்டு வயதானதும் எங்கே போனது என்பவற்றைப் பார்த்தால்தான் விடை கிடைக்கும்.

இரப்பர் வந்த கதை

பேராக் மாநிலத்துக்கும் இரப்பருக்கும் உள்ள உறவு நீண்டது. தென் அமெரிக்காவின் அமேசான் காடுகளைத் தாயகமாகக் கொண்ட இம்மரத்தின் கன்றுகள் 1877இல் இங்கிலாந்திலிருந்து சிங்கப்பூர் வழியாக மலாயாவுக்கு வந்தன. அவற்றுள் சில கோலகங்சாரில் நடப்பட்டன. அந்தக் காலத்து மரம் ஒன்றை இன்றும் கோலகங்சாரில் காணலாம்.

மோட்டார் வாகனங்கள் பெருகியதும் டயர் செய்வதற்கு இரப்பர் தேவைப்பட்டது. காடுகள் அழிக்கப்பட்டுத் தோட்டங்கள் உருவாயின. சுங்கை சிப்புட், கோலகங்சார், பாகான் டத்தோ, தாப்பா என மாநிலத்தின் பல பகுதிகளில் இரப்பர் மரங்கள் வரிசை வரிசையாக எழுந்தன. அவற்றில் வேலை செய்வதற்காகத் தமிழ்நாட்டிலிருந்து ஆயிரக்கணக்கானோர் கப்பலேறி வந்தனர். ஈப்போவைச் சுற்றிய கிந்தா பள்ளத்தாக்கு ஈயத்தால் செழித்தது என்றால், அதற்கு அப்பால் இருந்த பகுதிகள் இரப்பரால் செழித்தன.

நாடு விடுதலை பெற்றபோது தோட்டங்களில் வாழ்ந்த பிள்ளைகளில் பலர் இங்கேயே பிறந்தவர்கள். தாத்தா பாட்டி சொல்லிக் கேட்ட ஊரை அவர்கள் கண்டதில்லை. அவர்கள் அறிந்த ஊர் தோட்டம்தான்.

பெரட்டு மணி அடிக்கும் முன்

தோட்டத்தில் பொழுது சூரியனோடு தொடங்குவதில்லை. விடியற்காலை நான்கு மணிக்கே லயன் வீடுகளில் மண்ணெண்ணெய் விளக்குகள் எரியத் தொடங்கும். தாய் அடுப்பு மூட்டிச் சோறாக்குவார். ஐந்தரை மணி வாக்கில் பெரட்டு மணி அடிக்கும். ஆண்களும் பெண்களும் வரிசையில் நிற்க, கிராணி பெயர்களை வாசித்து வேலைக்கு வந்தவர்களைக் குறித்துக்கொள்வார். கங்காணி அவரவர் வெட்ட வேண்டிய நிரைகளைக் காட்டுவார்.

மரம் வெட்டும் வேலை அதிகாலையில் நடப்பதற்குக் காரணம் உண்டு. இரவின் குளிர்ச்சியில் மரப்பட்டைக்குள் பால் அழுத்தத்தோடு நிறைந்திருக்கும். அந்த நேரத்தில் பட்டையை மெல்லியதாகச் சீவினால் பால் நெடுநேரம் வடியும். வெயில் ஏறிவிட்டால் ஓட்டம் குறைந்துவிடும். ஒருவருக்கு ஒதுக்கப்படும் மரங்கள் 300க்கு மேல் இருக்கும். ஒவ்வொரு மரமாகச் சென்று, முந்தைய வெட்டில் காய்ந்து ஒட்டியிருக்கும் பாலை உரித்தெடுத்து, உளியால் சீவி, மங்கைச் சரியாக வைத்துவிட்டு அடுத்த மரத்துக்குச் செல்ல வேண்டும். சற்று ஆழமாகச் சீவிவிட்டால் மரத்துக்குக் காயம். அந்த இடத்தில் புதிய பட்டை ஒழுங்காக வளராது.

பெற்றோர் இருவரும் காட்டுக்குப் போகும் வீடுகளில் குழந்தைகள் என்ன செய்வார்கள்? கைக்குழந்தைகள் துணியில் சுற்றப்பட்டு, இருட்டிலேயே ஆயாக் கொட்டகைக்குக் கொண்டு செல்லப்படுவார்கள். அங்கே வயதான பெண் ஒருவர் அவர்களைத் தொட்டிலில் இட்டுப் பார்த்துக்கொள்வார். சற்று வளர்ந்த பிள்ளைகள் தாமே எழுந்து, பொதுக் குழாயில் முகம் கழுவி, பழைய சோற்றையோ ரொட்டியையோ கொண்டு பசியாறிவிட்டுப் பள்ளிக்குப் புறப்பட வேண்டும். வீட்டின் மூத்த பிள்ளையே தம்பி தங்கைகளுக்குத் தலைவாரிச் சட்டை மாட்டிவிடும். பெரும்பாலான வீடுகளில் இந்தப் பொறுப்பு மூத்த பெண் பிள்ளையின் தோளில்தான் விழுந்தது.

காலையில் மழை பெய்தால் தோட்டமே அமைதியாகிவிடும். ஈரமான பட்டையில் மரம் வெட்ட முடியாது. வடியும் பாலும் மழைநீரில் கரைந்து ஓடிவிடும். அன்று அம்மா வீட்டில் இருப்பார் என்பதால் சிறு பிள்ளைகளுக்கு மகிழ்ச்சி. ஆனால், வேலை நின்றால் வருமானம் குறையும். மழை தொடர்ந்த மாதத்தில் மளிகைக் கடையின் பற்றுப் புத்தகத்தில் கடன் ஏறும் என்பதை விவரம் தெரிந்த பிள்ளைகள் அறிந்திருந்தனர்.

ஒரே கூரையின் கீழ் பல வகுப்புகள்

பள்ளி வயதுப் பிள்ளைகள் பத்துப் பேர் இருந்தால் தோட்ட நிர்வாகம் பள்ளி அமைக்க வேண்டும் என்று 1923ஆம் ஆண்டின் தொழிலாளர் சட்டம் கூறியது. இதனால் தோட்டங்கள் தோறும் தமிழ்ப்பள்ளிகள் தோன்றின. நாடு விடுதலை பெற்றபோது மலாயாவில் 800க்கும் மேற்பட்ட தமிழ்ப்பள்ளிகள் இருந்தன. அவற்றில் மிகப் பல தோட்டங்களுக்குள் இருந்த சிறிய பள்ளிகள்.

சிறிய பள்ளி என்றால் ஒரு கொட்டகை, சில நீண்ட பலகைகள், ஒரு கரும்பலகை, ஓர் ஆசிரியர். அந்த ஓர் ஆசிரியரே பல வகுப்புகளுக்கும் பாடம் நடத்துவார். ஒரு பக்கம் முதலாம் வகுப்புப் பிள்ளைகள் சிலேட்டில் உயிரெழுத்துகளை எழுதிக்கொண்டிருப்பர். மறுபக்கம் நான்காம் வகுப்பினர் வாய்பாடு ஒப்பிப்பர். இடையில் அமர்ந்திருக்கும் இரண்டாம் வகுப்புப் பிள்ளை இரண்டு பாடங்களையும் கேட்டுக்கொண்டிருக்கும். சில பிள்ளைகள் மேல் வகுப்புப் பாடத்தை இப்படிக் காதால் கேட்டே கற்றுக்கொண்டனர்.

ஆசிரியரின் பணி பள்ளியோடு முடிந்துவிடாது. தமிழ்நாட்டிலிருந்து வரும் கடிதங்களை வாசித்துச் சொல்வதும், பதில் எழுதித் தருவதும், அரசாங்கப் பாரங்களை நிரப்புவதும் அவரிடமே வரும். 'தமிழ் நேசன்', 'தமிழ் முரசு' நாளிதழ்கள் அவர் வீட்டுக்கு வந்தால், பெரியவர்கள் மாலையில் திண்ணையில் கூடிச் செய்தி கேட்பர். தமிழ் முரசு நடத்திய மாணவர் மணிமன்றத்தின் வழியாகப் பிள்ளைகளின் எழுத்தும் அச்சேறியது. தோட்டத்துப் பிள்ளை ஒன்று தன் பெயரை நாளிதழில் காண்பது அக்காலத்தில் பெரிய நிகழ்ச்சி.

விடுதலைக்குப் பின் இந்தப் பள்ளிகளுக்குள் புதிய பாடங்கள் நுழைந்தன. 1956ஆம் ஆண்டின் ரசாக் அறிக்கை, எந்த மொழிப் பள்ளியாக இருந்தாலும் பாடத்திட்டம் பொதுவானதாக அமைய வேண்டும் என்றது. அதன் வழியே தமிழ்ப்பள்ளிகளிலும் மலாய்மொழி கற்பிக்கப்பட்டது. அதுவரை தமிழ்நாட்டு ஆறுகளையும் ஊர்களையும் பாடநூலில் படித்து வந்த பிள்ளைகள், பேராக் ஆற்றையும் தீத்திவங்சா மலைத்தொடரையும் படிக்கத் தொடங்கினர். தாம் வாழும் நாடு எது என்பதைப் பாடநூல் முதன்முறையாக அவர்களுக்குச் சொன்னது.

நண்பகலுக்குப் பிறகு

பத்து மணிக்கு மேல் தொழிலாளர்கள் மங்குகளில் சேர்ந்த பாலை வாளிகளில் ஊற்றிச் சேகரிப்பர். காண்டாவின் இரு முனைகளிலும் நிறைந்த வாளிகளைத் தொங்கவிட்டுத் தோளில் சுமந்து ஸ்டோருக்கு வருவர். அங்கே பால் நிறுக்கப்பட்டு, அமிலம் கலந்து உறைய வைக்கப்படும். பின்பு அது தகடாக உருட்டப்பட்டுப் புகைக்கூடத்தில் உலர்த்தப்படும். அந்தப் புகையின் மணமும் உறைந்த பாலின் நாற்றமும் தோட்டத்துப் பிள்ளைகளின் நினைவில் என்றும் நீங்காதவை.

பள்ளி விட்டு வந்த பிள்ளைகளில் பலர் நேராக விளையாடச் செல்லவில்லை. நீர் பிடித்தல், விறகு பொறுக்குதல், மாட்டுக்குப் புல் அறுத்தல், ஆட்டை மேய்த்தல், மரவள்ளிக்குத் தண்ணீர் ஊற்றுதல் ஆகிய வேலைகள் காத்திருந்தன. சிலர் பெற்றோருக்குத் துணையாகக் காட்டுக்குச் சென்று ஒட்டுப்பாலும் கட்டிப்பாலும் பொறுக்கினர். அவற்றின் எடைக்கேற்பச் சில காசுகள் கூடுதலாகக் கிடைத்தன. பிள்ளையின் உழைப்பு கணக்கில் தாயின் பெயரிலோ தந்தையின் பெயரிலோ சேர்ந்தது. பிள்ளைக்கென்று தனிக் கணக்கு இல்லை. பதினான்கு வயதுக்குக் குறைந்தோரின் வேலையைக் கட்டுப்படுத்தும் சட்டம் ஒன்று 1966இல் வந்தது.

இருப்பினும், விளையாட்டு இல்லாமல் இல்லை. மாலையில் லயன்களுக்கு நடுவே இருந்த வெட்டவெளியில் சடுகுடு, கிட்டிப்புள், கோலி, பம்பரம் எல்லாம் நடந்தன. பெண் பிள்ளைகள் பல்லாங்குழியும் நொண்டியும் ஆடினர். காசு கொடுத்து வாங்கும் பந்து எல்லார்க்கும் கிட்டாது. ஒட்டுப்பாலை நூல்போல் இழுத்துச் சுற்றிச் சுற்றிப் பிள்ளைகளே பந்து செய்துகொண்டனர். அந்தப் பந்து கடைப்பந்தைவிட உயரமாகத் துள்ளும்.

ஆண்டின் பருவங்களையும் மரங்களே அவர்களுக்குக் காட்டின. பிப்ரவரி, மார்ச்சு மாதங்களில் இலைகள் பழுத்து உதிரும். காலடியில் சருகு சலசலக்கும். அப்போது பால் குறையும். பிறகு செந்நிறத் தளிர் விடும். மாதங்கள் கழித்துக் காய்கள் முற்றியதும், உச்சிவெயிலில் அவை 'படார்' என்று வெடித்து விதைகளைத் தூரமாகச் சிதறடிக்கும். புள்ளிகள் நிறைந்த அந்த விதைகளே பிள்ளைகளின் சொத்து. விதையைக் கல்லில் தேய்த்துச் சூடாக்கி, பக்கத்தில் இருப்பவரின் கையில் வைத்துத் துள்ள வைப்பது அவர்களின் குறும்பு.

தோட்டத்து மாரியம்மன் கோயில் திருவிழா வந்தால் எல்லா வேலையும் நிற்கும். கரகமும் தீமிதியும் நடக்கும். வெள்ளைத் துணி கட்டித் திரைப்படம் காட்டப்படும் இரவில், பிள்ளைகள் பாயை எடுத்துக்கொண்டு முன்கூட்டியே இடம்பிடிப்பர். தைப்பூசத்திற்கு வாய்ப்புக் கிடைத்தவர்கள் ஈப்போ கல்லுமலை முருகன் கோயிலுக்குச் சென்றனர். பல பிள்ளைகளுக்கு ஈப்போ நகரை ஆண்டில் அந்த ஒருமுறைதான் காண முடிந்தது.

முள்வேலிக்குள் வந்த விடுதலை

பேராக்கின் தோட்டத்துப் பிள்ளைகளுக்கு மற்றோர் அனுபவமும் இருந்தது. 1948 ஜூன் மாதம் சுங்கை சிப்புட் பகுதியில் தோட்ட நிர்வாகிகள் மூவர் கொல்லப்பட்டதைத் தொடர்ந்து நாட்டில் அவசரகாலம் அறிவிக்கப்பட்டது. சிதறிக் கிடந்த லயன்கள் ஓரிடத்தில் சேர்க்கப்பட்டு, சுற்றிலும் முள்வேலி போடப்பட்டது. இரவில் வெளியே செல்லத் தடை. காலையில் வாயிற்காவலில் தொழிலாளர்கள் சோதனையிடப்பட்டனர். காட்டில் மறைந்திருந்தோர்க்கு உணவு போய்ச்சேரக் கூடாது என்பதற்காக, வேலைக்குச் செல்வோர் சோறு எடுத்துச் செல்லவும் தடை விதிக்கப்பட்டது. பல மணி நேரம் மரம் வெட்டியவர்கள் வெறும் வயிற்றோடு திரும்பினர்.

விடுதலை நாளன்று இந்த வேலிகள் எல்லாம் மறைந்துவிடவில்லை. பேராக்கின் சில பகுதிகளில் கட்டுப்பாடுகள் அதன்பின்னும் தொடர்ந்தன. 1960 ஜூலை 31ஆம் நாள்தான் அவசரகாலம் முறையாக முடிவுக்கு வந்தது. 1948இல் பிறந்த பிள்ளைக்கு அப்போது பன்னிரண்டு வயது. வேலியும் சோதனையும் இல்லாத வாழ்க்கையை அந்தப் பிள்ளை அப்போதுதான் அறிந்தது.

பன்னிரண்டு வயது

தோட்டத்துப் பிள்ளைக்குப் பன்னிரண்டு வயது என்பது ஒரு முச்சந்தி. மூன்று கேள்விகள் அந்த ஒரே வயதில் எதிரே நின்றன.

முதல் கேள்வி அடையாள அட்டையைப் பற்றியது. அவசரகாலத்தில் பன்னிரண்டு வயது நிரம்பிய அனைவரும் அடையாள அட்டை பெற வேண்டியதாயிற்று. விடுதலைக்குப் பின் அந்த அட்டையோடு மற்றொரு வினாவும் சேர்ந்தது: இவர் இந்நாட்டின் குடிமகனா, இல்லையா? விடுதலை நாள் முதல் மலாயாவில் பிறந்த குழந்தை பிறப்பாலேயே குடிமகன் என்று அரசியலமைப்பு கூறியது. 1962இல் இந்த விதி கடுமையாக்கப்பட்டது. விடுதலைக்கு முன் பிறந்தவர்களில் பலரும், தமிழ்நாட்டிலிருந்து வந்த அவர்களின் பெற்றோரும் உரிய பத்திரங்களைக் காட்டி விண்ணப்பம் செய்ய வேண்டியிருந்தது. எழுதப் படிக்கத் தெரியாத பெற்றோர், நகரிலிருந்த அலுவலகத்துக்குப் போக ஒரு நாள் கூலியை இழக்க வேண்டிய பெற்றோர், இதைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டுவிட்டனர். அந்தத் தாமதத்தின் விலை 1969இல் தெரிந்தது. குடியுரிமை இல்லாதவர்கள் வேலை செய்ய அனுமதிப் பத்திரம் பெற வேண்டும் என்ற விதி நடைமுறைக்கு வந்தபோது, சிவப்பு அடையாள அட்டை வைத்திருந்த ஆயிரக்கணக்கான தோட்டத் தொழிலாளர்கள் வேலை இழந்தனர். பலர் குடும்பத்தோடு தமிழ்நாட்டுக்குக் கப்பலேறினர். மலாயாவில் பிறந்து வளர்ந்த பிள்ளைகளும் அவர்களோடு, தாம் அறியாத ஊருக்குச் சென்றனர். ஒரு துண்டுக் காகிதம் ஒரு பிள்ளையின் நாட்டையே மாற்றியது.

இரண்டாம் கேள்வி படிப்பைப் பற்றியது. ஆறாம் வகுப்பு முடிவில் இடைநிலைப்பள்ளி நுழைவுத் தேர்வு இருந்தது. அதில் தேறாதவர்க்குப் படிப்பைத் தொடரும் வழி மிகக் குறைவு. 1962இல் தொடக்கக் கல்வி கட்டணமின்றிக் கிடைத்தது. பின்னர் நுழைவுத் தேர்வு நீக்கப்பட்டு, 1965 முதல் ஆறாம் வகுப்பு முடித்த எல்லாரும் இடைநிலைப்பள்ளிக்குச் செல்லலாம் என்றாயிற்று. தமிழ்ப்பள்ளி மாணவர்கள் புதிய பயிற்றுமொழிக்குப் பழகுவதற்காகப் புகுமுக வகுப்பில் ஓராண்டு படித்தனர்.

கதவு திறந்தது. ஆனால், அந்தக் கதவு தோட்டத்திலிருந்து வெகுதூரத்தில் இருந்தது. இடைநிலைப்பள்ளிகள் நகரங்களில் இருந்தன. பிள்ளை செம்மண் பாதையில் நடந்து சடக்குக்கு வந்து பேருந்து ஏற வேண்டும். பேருந்துக் கட்டணம், வெள்ளைச் சீருடை, காலணி, புத்தகம் என ஒவ்வொன்றுக்கும் பணம் தேவை. வீட்டிலோ ஐந்தாறு பிள்ளைகள். நகரப்பள்ளியில் பாடம் வேறு மொழியில் நடந்தது. புகுமுக வகுப்பில் இருந்துகொண்டு, தன் வயதையே ஒத்த பிறபள்ளி மாணவர்கள் முதலாம் படிவத்துக்குச் செல்வதைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும்.

இங்கேதான் மூன்றாம் கேள்வி எழுந்தது: படிக்க வைப்பதா, வேலைக்கு அனுப்புவதா? பிள்ளை படித்தால் செலவு. மரம் வெட்டினால் வரவு. மாத இறுதியில் கடைக்கடனைக் கணக்குப் பார்க்கும் பெற்றோர்க்கு இது அன்பு இருக்கிறதா இல்லையா என்ற கேள்வி அன்று. எந்தப் பிள்ளையை அனுப்புவது என்ற கேள்வி. பல வீடுகளில் ஓர் ஆண் பிள்ளை படிக்கச் சென்றான். அவனுடைய பேருந்துக் கட்டணத்துக்காக அக்காள் பால்வாளியைத் தூக்கினாள். பின்னாளில் ஆசிரியராக, கிராணியாக, மருத்துவ உதவியாளராக வந்த தம்பிகளின் பெயர்கள் பள்ளிப் பதிவேட்டில் இருந்தன. அக்காள்களின் பெயர்கள் பெரட்டுப் புத்தகத்தில் மட்டுமே இருந்தன.

துண்டாடப்பட்ட தோட்டங்கள்

படிப்பைத் தொடர்ந்த பிள்ளைக்கும் வீடு நிலையானதாக இருக்கவில்லை. தொழிலாளி குடியிருந்த லயன் அவருக்குச் சொந்தமானதன்று. வேலை இருக்கும்வரைதான் அந்த வீடு. 1950களிலும் 1960களிலும் ஐரோப்பிய நிறுவனங்கள் பல தோட்டங்களை விற்றன. வாங்கியவர்கள் அவற்றைச் சிறு சிறு நிலங்களாகப் பிரித்து விற்றனர். இதற்குத் தோட்டத் துண்டாடல் என்று பெயர். துண்டாடப்பட்ட தோட்டத்தில் வேலை குறைந்தது. குடும்பங்கள் வெளியேறின. பிள்ளைகள் குறைந்ததும் பள்ளியும் மூடப்பட்டது. ஒரே நாளில் வீடு, வேலை, பள்ளி, கோயில் நான்கையும் இழந்த குடும்பங்கள் உண்டு. பிள்ளைகள் ஆண்டின் நடுவில் வேறு தோட்டத்துப் பள்ளியில் சேர்ந்து, விட்ட பாடத்தைப் பிடிக்க முடியாமல் தவித்தனர்.

இந்த நெருக்கடிக்கு ஒரு விடை பேராக்கைச் சேர்ந்தவரிடமிருந்து வந்தது. சுங்கை சிப்புட்டில் பிறந்தவரும் அன்றைய அமைச்சருமான துன் வீ.தி. சம்பந்தன் 1960இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தோற்றுவித்தார். தொழிலாளர்கள் மாதம் 10 வெள்ளி வீதம் செலுத்தி, 100 வெள்ளிப் பங்கு ஒன்றைப் பெறலாம். பலரின் சேமிப்பை ஒன்றுதிரட்டி, விற்பனைக்கு வரும் தோட்டத்தைத் தொழிலாளர்களே வாங்குவதுதான் திட்டம். 1961இல் கெடா மாநிலத்திலுள்ள புக்கிட் சீடிம் தோட்டம் முதலாவதாக வாங்கப்பட்டது. அவர் தோட்டம் தோட்டமாகச் சென்று, மரத்தடியிலும் கோயில் மண்டபத்திலும் தொழிலாளர்களிடம் இதை விளக்கினார். மாதம் 10 வெள்ளி என்பது அக்காலத் தொழிலாளிக்குச் சிறிய தொகையன்று. இருந்தும் ஆயிரக்கணக்கானோர் சேர்ந்தனர். தோட்டம் கைமாறாமல் இருந்தால், பிள்ளையின் பள்ளியும் மூடப்படாமல் இருக்கும் என்பதை அவர்கள் உணர்ந்திருந்தனர்.

கடலுக்கு அப்பால் ஒரு கொக்கோத் தோட்டம்

மலாயா விடுதலை பெற்ற அதே 1957இல், மார்ச்சு 6ஆம் நாள், மேற்கு ஆப்பிரிக்காவில் கானா விடுதலை பெற்றது. மூன்றே ஆண்டுகளில், 1960இல், ஆப்பிரிக்காவின் பதினேழு நாடுகள் விடுதலை அடைந்தன. மலாயாவுக்கு இரப்பர் எப்படியோ, கானாவுக்குக் கொக்கோ அப்படி. இரண்டு நாடுகளிலிருந்தும் கப்பல் ஏறிய விளைபொருள் தொலைதூர ஆலைகளுக்குச் சென்றது.

இரண்டு நாட்டுப் பிள்ளைகளின் நாள்களும் ஒத்திருந்தன. கானாவில் பெரும்பாலும் சிறு விவசாயிகளே கொக்கோ பயிரிட்டனர். பள்ளி நேரம் போக, பிள்ளைகள் பறித்த காய்களைச் சுமந்தனர். விதைகளை வாழையிலையால் மூடிச் சில நாள் புளிக்க வைக்கவும் வெயிலில் உலர்த்தவும் உதவினர். அங்கும் விடுதலை பெற்ற அரசின் முதல் வாக்குறுதிகளில் ஒன்று பள்ளிதான். 1961ஆம் ஆண்டின் கல்விச் சட்டம் தொடக்கக் கல்வியைக் கட்டணமின்றியும் கட்டாயமாகவும் ஆக்கியது. மலாயா அதற்கு அடுத்த ஆண்டில் தொடக்கக் கல்விக் கட்டணத்தை நீக்கியது. ஆனால், தொடக்கக் கல்வி மலேசியாவில் கட்டாயமானது 2003இல்தான். கட்டணம் இல்லை என்பது ஒன்று. எந்தப் பிள்ளையும் வீட்டில் நிறுத்தப்படக் கூடாது என்பது வேறொன்று. இந்த இரண்டுக்கும் இடைப்பட்ட நாற்பது ஆண்டுகளில், தம்பியைப் பார்த்துக்கொள்ள வீட்டில் நின்றுவிட்ட பிள்ளைகள் பலர்.

தோட்டம் விட்டு நகருக்கு

1970களுக்குப் பின் பேராக்கின் நிலத்தோற்றம் மாறியது. இரப்பர் விலை வீழ்ந்ததால் பல தோட்டங்களில் செம்பனை நடப்பட்டது. செம்பனைக்கு அத்தனை கைகள் தேவைப்படவில்லை. இளையோர் தொழிற்சாலைகளைத் தேடி நகரங்களுக்குச் சென்றனர். ஈப்போவில் புந்தோங் போன்ற வட்டாரங்களில் இந்தியர்கள் பெருமளவில் வாழ்கின்றனர். பேராக்கில் இன்றும் மற்ற மாநிலங்களைவிட அதிகத் தமிழ்ப்பள்ளிகள் உள்ளன. அவற்றில் பல இன்னும் தோட்டத்தின் பெயரையே தாங்கியுள்ளன. தோட்டம் மறைந்த பிறகும் பெயர் மறையவில்லை.

விடுதலை என்பது ஒரே நாளில் எல்லார் வீட்டுக்கும் வந்து சேர்ந்ததன்று. கொடி ஏறிய நாளில் தோட்டத்துப் பிள்ளையின் காலை மாறவில்லை. அது பள்ளிக் கட்டணம் நீங்கியபோது சிறிது வந்தது. நுழைவுத் தேர்வு நீங்கியபோது மேலும் சிறிது வந்தது. நீல அடையாள அட்டை கைக்கு வந்தபோது உறுதியானது. ஒவ்வொரு முறையும் யாரோ ஒருவர் கூலியை விட்டு அலுவலகத்துக்கு நடந்திருக்க வேண்டும், மாதம் 10 வெள்ளியை எடுத்து வைத்திருக்க வேண்டும், அல்லது தன் படிப்பை நிறுத்திக்கொண்டு இன்னொருவரைப் பள்ளிக்கு அனுப்பியிருக்க வேண்டும். இன்று மலேசியத் தமிழர் குடும்பங்கள் பலவற்றில், பட்டம் பெற்றவரின் படத்துக்குப் பின்னால் இப்படி ஒருவர் இருக்கிறார். அவருடைய வரலாறு எழுதப்படவில்லை என்றால், அவர் உயிரோடு இருக்கும்போதே கேட்டு எழுதிவைப்பது அடுத்த தலைமுறையின் கடமை.

அருஞ்சொற்பொருள்

பெரட்டு – வேலைக்கு முன் தொழிலாளர்களை வரிசையில் நிறுத்திப் பெயர் குறித்தல்
நிரை – மரங்களின் வரிசை
மங்கு – மரத்தில் வடியும் பாலைத் தாங்கும் கிண்ணம்
காண்டா – இரு முனைகளிலும் வாளிகளைத் தொங்கவிட்டுத் தோளில் சுமக்கும் தடி
ஒட்டுப்பால் – வெட்டிய பட்டையில் காய்ந்து ஒட்டியிருக்கும் பால்
கட்டிப்பால் – மங்கில் தங்கி உறைந்துபோன பால்
லயன் – தோட்டத் தொழிலாளர்களுக்கான வரிசை வீடுகள்
கிராணி – தோட்ட அலுவலக எழுத்தர்
சடக்கு – தார்ச்சாலை

கருத்துணர்தல்

1. இரப்பர் மரத்தை அதிகாலையில் வெட்டுவதற்கான காரணத்தை விளக்குக.
2. காலை மழை சிறு பிள்ளைகளுக்கும் விவரம் தெரிந்த பிள்ளைகளுக்கும் வெவ்வேறு உணர்வைத் தந்தது ஏன்?
3. பன்னிரண்டு வயதைப் பனுவல் ஏன் 'முச்சந்தி' எனக் குறிப்பிடுகிறது? மூன்று காரணங்களை எழுதுக.
4. 'அக்காள்களின் பெயர்கள் பெரட்டுப் புத்தகத்தில் மட்டுமே இருந்தன' – இவ்வரி உணர்த்தும் கருத்து யாது?
5. தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கம் தொழிலாளர் பிள்ளைகளின் கல்விக்கு எவ்வாறு துணைசெய்திருக்கும்? உமது கருத்தைக் கூறுக.
6. கல்வி கட்டணமின்றிக் கிடைப்பதற்கும் கட்டாயமாக்கப்படுவதற்கும் உள்ள வேறுபாட்டைக் குழுவில் கலந்துரையாடுக.

நடவடிக்கை

உம் குடும்பத்திலோ வட்டாரத்திலோ தோட்டத்தில் வளர்ந்த மூத்தோர் ஒருவரைச் சந்தித்திடுக. அவரது பன்னிரண்டாம் வயதில் நிகழ்ந்தவற்றைக் கேட்டறிந்து, 180 சொற்களுக்குக் குறையாமல் ஒரு கட்டுரை எழுதுக.